கிணற்றைக் காட்டாமல் ஊரைக் காட்டியவர்களுக்கு

மெக்சிகோவின் கடற்கரை ஊர்களான கான்குனிலிருந்தும் பிளாயா டெல் கார்மெனிலிருந்தும், மாயன் மக்களின் பழைய நகரமான சிச்சென் இட்சாவுக்கு ஒருநாள் சுற்றுலா நடத்தும் நிறுவனத்தார் அனைவருக்கும்,

வணக்கம்.

இதைத் தமிழில் எழுதுகிறேன். உங்களில் யாருக்கும் தமிழ் தெரிந்திருக்காது. பரவாயில்லை, உங்கள் கைபேசியே மொழிபெயர்த்துச் சொல்லிவிடும். அதைவிட, உங்கள் பேருந்தில் ஏறப்போகிறவர்களில் நிறையப் பேருக்குத் தமிழ் தெரியும். அமெரிக்காவில் வேலை பார்க்கும் எங்களவர்கள் ஊரிலிருந்து அப்பா அம்மாவை வரவழைத்து, நயாகராவைக் காட்டி முடித்ததும் அடுத்துத் தேடுவது கான்குன்தான். அமெரிக்க விசா இருந்தால் மெக்சிகோவுக்குத் தனி விசா வேண்டாம் என்பது எங்கள் வாட்சாப் குழுக்களில் எல்லோருக்கும் மனப்பாடம். நானும் அப்படித்தான் டாலஸிலிருந்து கிளம்பி, போன ஏப்ரல் கடைசியில் அப்பா அம்மாவோடு உங்கள் பேருந்து ஒன்றில் ஏறினேன்.

எந்த நிறுவனம் என்று சொல்லப்போவதில்லை. முன்பதிவு செய்வதற்குமுன் ஐந்தாறு பேருடைய பயணத்திட்டத்தை ஒப்பிட்டுப் பார்த்தேன். எல்லாவற்றிலும் அதே கிணற்றுக் குளியல், அதே மதியச் சாப்பாடு, அதே பிரமிடு, அதே வரிசை. பேருந்தின் நிறம்தான் வேறு. அதனால் இந்தக் கடிதம் உங்கள் எல்லோருக்கும் பொது.

முதலில் அந்த நாள் எப்படிப் போனது என்று சொல்லிவிடுகிறேன்.

காலை 6.40க்கு விடுதி வாசலில் வேன் வந்தது. சொன்ன நேரத்துக்கு வந்ததே என்று சந்தோஷப்பட்டோம். அப்புறம் அந்த வேன் ஒவ்வொரு விடுதி வாசலாக ஏறி இறங்கியது. ஒரு பெட்ரோல் பங்க் பக்கத்தில் பெரிய பேருந்துக்கு மாற்றினார்கள். ஏறும்போது ஒருவர் படம் எடுத்தார். உள்ளே ஒரு தாளைச் சுற்றவிட்டு எல்லோருடைய பெயரும் பிறந்த தேதியும் எழுதச் சொன்னார்கள். ஏதோ பாதுகாப்புக்கு என்று நினைத்து அம்மா கவனமாகப் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்தார். பேருந்து ஊரைத் தாண்டும்போது மணி எட்டேகால்.

பத்தரைக்கு ஒரு கடை. அங்கேதான் அந்தத் தாளின் ரகசியம் தெரிந்தது. அம்மாவின் பெயரும் பிறந்த நாளும் மாயன் எழுத்தில் பொறித்த தாள் ஒன்று தயாராக மேசைமேல் இருந்தது. இருபது டாலர். பெயரில் ஓர் எழுத்து தப்பு. வாங்காமல் வந்தால் தன் பெயரை அங்கேயே விட்டுவிட்டு வந்தமாதிரி இருக்கும் என்று அம்மா வாங்கிக்கொண்டார். கடையில் ஐம்பது நிமிடம். பிறகு கிணறு, நாற்பது நிமிடம். பிறகு சாப்பாடு. பிரமிடு இருக்கும் இடத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது அந்த ஊர் மணி மதியம் ஒன்று. வழிகாட்டியோடு ஒரு மணி நேரமும் நாங்களே சுற்ற அரை மணி நேரமும் தந்தார்கள். திரும்பும் வழியில் வயாடொலிட் நகரத்தில் தேவாலயத்துக்கு முன்னால் இருபது நிமிடம். இரவு ஏழரைக்கு விடுதி.

இறங்கும்போது காலையில் எடுத்த படத்தை விற்றார்கள், டெக்கீலா பாட்டிலின் லேபிளாக. எங்கள் அப்பா வாழ்க்கையில் மதுவைத் தொட்டதில்லை. சாராய பாட்டிலில் தன் முகத்தைப் பார்த்து நின்ற அந்த நிமிடத்தை அம்மா இன்றைக்கும் சொல்லிச் சிரிக்கிறார். அதற்கு மட்டும் உங்களுக்கு நன்றி.

ஏறக்குறைய பதின்மூன்று மணி நேரத்தில், எதைப் பார்க்கப் போனோமோ அதற்குக் கிடைத்தது ஒன்றரை மணி நேரம். ஆனால் என் குறை அதுவல்ல. சுற்றுலா என்றால் கடைக்குக் கூட்டிப்போவார்கள் என்பது மாமல்லபுரம் போய்வந்த எங்களுக்குத் தெரியாததா? என் குறை வேறு.

எங்கள் அப்பா தாராபுரம் பக்கத்துக்காரர். கவலை ஓட்டித் தண்ணீர் இறைத்த காலத்துக் கிணறு எங்கள் தோட்டத்தில் இருந்தது. முதுகில் சுரைப்புருடையைக் கட்டிவிட்டு தாத்தா அவரை அதில்தான் தள்ளிவிட்டு நீச்சல் கற்றுக்கொடுத்தாராம். எனக்கு அவர் கட்டிவிட்டது பிளாஸ்டிக் கேன். அறுபத்தெட்டு வயதிலும் கிணறு என்று சொன்னால் அப்பாவின் முகமே மாறிவிடும்.

உங்கள் செனோட்டேயில் (அந்த ஊர் இயற்கைக் கிணற்றுக்கு அதுதான் பெயர்) ஈரப் படிகளைப் பிடித்துப் பிடித்து இறங்கிப் போனோம். கடைசித் திருப்பத்தில் அப்பா நின்றுவிட்டார். மேலே வட்டமாக வானம். அதன் விளிம்பிலிருந்து மரத்தின் வேர்கள் கயிறு கயிறாகத் தண்ணீர்வரை தொங்கின. சுண்ணாம்புப் பாறைச் சுவரில் ஒரு பொந்துக்கு முன்னால் நீலப் பறவை ஒன்று, வாலின் நுனியில் இரண்டு கரண்டிகளைக் கட்டிவிட்டதுபோல, கடிகார ஊசல் மாதிரி வாலை ஆட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அந்தப் பறவையை 'தோ' என்கிறார்கள். அது தென்பட்டால் பக்கத்தில் தண்ணீர் உண்டு என்று அந்த ஊர்க்காரர்கள் கண்டுகொள்வார்களாம். இதை உங்கள் வழிகாட்டி சொல்லவில்லை. துண்டு வாடகைக்குத் தரும் பெண் சொன்னார்.

"இது கெணறு தான கண்ணு," என்றார் அப்பா.

கிணறுதான் அப்பா.

உயிர்காப்பு அங்கி போட்டே ஆகவேண்டும் என்றார்கள். அதில் எனக்கு மறுப்பு இல்லை. கால் ஊன்ற இடமே இல்லாத ஆழம் அது. அந்த விதியைத் தளர்த்திவிடாதீர்கள். "பழையபடி சுரைப்புருடை கட்டி உட்டாப்ல இருக்குது" என்று முனகிக்கொண்டே அப்பா இறங்கினார். இறங்கியதும் அவர் செய்த முதல் காரியம், எங்கள் ஊரில் புதுக் கிணற்றில் இறங்கும் எவரும் செய்வதுதான். ஒரு கை தண்ணீரை அள்ளி வாயருகே கொண்டுபோனார், உப்புத்தண்ணீரா நல்லதண்ணீரா என்று பார்க்க. பாதியிலேயே கையை உதறினார். "என்ன கண்ணு, தேங்கா எண்ண வாசம் அடிக்குது?"

வெயில் களிம்பு. வாசலில் ஷவர் இருந்தது, குளித்துவிட்டு இறங்கவும் என்று பலகையும் இருந்தது. ஆனால் நாற்பது நிமிடத்தில் ஐம்பது பேர் உடை மாற்றிக் குளித்து நீந்திக் கரையேற வேண்டும். தலையில் இரண்டு சொட்டு விழுந்ததும் ஓடினார்கள். நானும் அப்படித்தான் ஓடினேன், பொய் சொல்வானேன். வெளிச்சம் விழுந்த இடத்தில் தண்ணீர்மேல் மெல்லிய எண்ணெய்ப் படலம் நிறம் நிறமாக மின்னியது.

கரையேறிய அப்பா வழிகாட்டியிடம் என்னைக் கேட்கச் சொன்னார், இந்தத் தண்ணீரை யார் குடிக்கிறார்கள் என்று. அந்த மனிதர் கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னார்: "நாங்கள் எல்லோரும்."

உண்மைதான். இதெல்லாம் இருக்கும் யுகட்டான் தீபகற்பத்தின் வடக்குப் பகுதியில் நிலத்தின்மேல் ஆறே கிடையாது. மழைநீர் சுண்ணாம்புக் கல்லுக்குள் இறங்கிப் பூமிக்கடியில் ஓடுகிறது. கூரை இடிந்து விழுந்த இடங்களில் மட்டும் அது கண்ணில் படுகிறது, அதுதான் செனோட்டே. துலும் என்ற ஊர்ப் பக்கத்தில் இரண்டு குகைத் தொடர்கள் ஒன்றோடொன்று இணைந்தவை என்று முக்குளிப்பாளர்கள் 2018ல் கண்டுபிடித்தார்கள். அன்றைய கணக்கில் அந்த வலையின் நீளம் 347 கிலோமீட்டர். ஒரு கிணற்றில் கரைத்தது அந்தக் கிணற்றோடு நின்றுவிடாது. எங்கள் ஊரில் ஊர்க் கிணற்றில் சோப்புப் போட்டவனைப் பிடித்து என்ன செய்வார்கள் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

இனி என் குறைக்கு வருகிறேன்.

கொளுத்தும் வெயிலில் பிரமிடுக்கு முன்னால் நின்றோம். வழிகாட்டி கைதட்டிக் காட்டினார். படிகளில் பட்டு ஒரு பறவையின் கீச்சொலிபோலத் திரும்பி வந்தது. நாலு பக்கமும் 91 படிகள், உச்சிமேடையோடு சேர்த்து 365 என்றார். பந்து மைதானத்தைக் காட்டினார். 168 மீட்டர் நீளம், அங்கே நின்றால் ஆளே சிறுத்துப்போகிறோம். நன்றாகத்தான் சொன்னார். எல்லாம் கேட்டுவிட்டு அப்பா ஒரே ஒரு கேள்வி கேட்டார். "இத்தன சனத்துக்குத் தண்ணி எங்கிருந்து வந்துச்சு?"

வழிகாட்டி வடக்கே மரங்களுக்கு நடுவே போகும் ஒரு பாதையைக் கைகாட்டினார். அந்தப் பக்கம் கிணறு இருக்கிறது, முந்நூறு மீட்டர், ஆனால் நேரம் இல்லை என்றார். கன்னிப் பெண்களை அதில் தள்ளிப் பலி கொடுப்பார்கள் என்றும் சேர்த்துக்கொண்டார். கூட்டம் உச்சுக் கொட்டியது. அதோடு அந்தக் கிணறு முடிந்தது.

அன்றிரவு விடுதியில் படுத்துக்கொண்டு தேடிப் படித்தபோதுதான் எனக்கு எரிச்சலே வந்தது. சிச்சென் இட்சா என்ற பெயரைப் பிரித்தால் சி என்பது வாய், சென் என்பது கிணறு. இட்சா மக்களின் கிணற்று வாய். ஊரின் பெயரே கிணறு! அந்தப் பாதைக்கு சக்பே என்று பெயர், வெள்ளைச் சாலை. பிரமிடு நிற்கும் வெளியிலிருந்து கிளம்பி நேரே கிணற்றுக்குத்தான் போகிறது. அதைவிட வேடிக்கை, 2015ல் மெக்சிகோ தேசியத் தன்னாட்சிப் பல்கலைக்கழகத்தார் நிலத்துக்குள் மின்சாரம் செலுத்தி அளந்து பார்த்து, அந்தப் பிரமிடுக்கு அடியிலேயே தண்ணீர் நிறைந்த ஒரு குழி இருக்கிறது என்று சொன்னார்கள். நாங்கள் கைதட்டிக்கொண்டிருந்தது ஒரு கிணற்றின் தலைமேல் நின்றுதான்.

அந்தக் கன்னிப் பெண்கள் கதையும் பழசு. 1904 வாக்கில் எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கத் துணைத் தூதர் அந்த நிலத்தையே விலைக்கு வாங்கிப்போட்டு, கிணற்றில் வாரி இறக்கித் தூர்வாரினார். பச்சைக்கல், தங்கத் தகடு, சாம்பிராணிபோல எரிக்கும் கோபல் என்ற பிசின் எல்லாம் வந்தன. பெரும்பகுதி ஹார்வர்டு அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டது, பிற்பாடு சில திரும்பி வந்தன. எலும்புகளும் வந்தன. அவற்றில் ஆண்கள், பெண்கள், குழந்தைகள் எல்லோருமே இருந்தார்கள். அந்தக் கிணற்றுக்குப் பக்கத்தில் நிலத்தடித் தொட்டி ஒன்றில் கிடைத்த 64 பேரின் எலும்புகளை மரபணு ஆய்வு செய்து 2024ல் நேச்சர் இதழில் எழுதினார்கள். அத்தனையும் ஆண் பிள்ளைகள். அதில் ஒத்த இரட்டையர்கூட உண்டு. கன்னிகள் கதையைவிட இது கேட்பவர் நெஞ்சை அதிகம் பிசையும். உங்கள் வழிகாட்டிகள் மனப்பாடம் செய்யும் தாளில் இதை மாற்றி எழுத என்ன செலவு?

தாள் என்றதும் நினைவு வருகிறது. காலையில் பேருந்தில் மைக்கைப் பிடித்து அதே மனிதர், மாயன் மக்கள் மர்மமாக மறைந்துபோனார்கள் என்று அரை மணி நேரம் சொன்னார். மைக்கை வைத்ததும் அவருக்குப் போன் வந்தது. ஸ்பானிஷ் அல்லாத ஒரு மொழியில், நடுநடுவே தொண்டையில் சின்ன விக்கல்கள் விழப் பேசினார். என்ன மொழி என்று கேட்டேன். "மாயா. அம்மாகிட்ட பேசினேன்." மறைந்துபோன இனத்தின் அம்மா மதியச் சாப்பாட்டுக்கு என்ன செய்யட்டும் என்று கேட்டிருக்கிறார்! அந்தத் தீபகற்பத்தில் ஏழு லட்சம் பேருக்கு மேல் இன்றும் அந்த மொழியைப் பேசுகிறார்கள். பிரமிடைச் சுற்றிச் ஜாகுவார் சிறுத்தைபோல உறுமும் மண் விசில் விற்பவர்களில் பலர் பக்கத்து பிஸ்தே ஊர்க்காரர்கள். எங்கள் பேருந்தில் ஒருவர், இவர்கள் பாரம்பரிய இடத்தைச் சந்தையாக்கிவிட்டார்கள் என்று சலித்துக்கொண்டார். அது அவர்கள் ஊர். காலையில் நீங்கள் நிறுத்திய கடை யாருடையது என்பதுதான் எனக்குச் சந்தேகம்.

அந்த வழிகாட்டியைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. திரும்பும்போது முன்னிருக்கையில் உட்கார்ந்து அவரோடு பேசிக்கொண்டு வந்தேன். எப்படி இருக்கிறாய் என்பதற்கு "பிஷ் அ பேல்", நன்றாக இருக்கிறேன் என்பதற்கு "மாலோப்" என்று சொல்லிக்கொடுத்தார். அவருடைய பாட்டி வீட்டுப் பின்னால் ஒரு சின்ன செனோட்டே இருந்ததாம். சின்ன வயதில் வாளி போட்டுத் தண்ணீர் இறைத்திருக்கிறார், அந்தி சாய்ந்தபின் அதை எட்டிப் பார்க்கக் கூடாது என்று பாட்டி மிரட்டுவாராம். அதை நான் அப்பாவுக்குச் சொன்னேன். "எங்க அப்பத்தாளும் அதேதான் சொல்லும்" என்றார் அவர். இவ்வளவு வைத்திருக்கும் மனிதரின் கையில் நீங்கள் கொடுத்திருப்பது மறைந்துபோன இனம் என்ற தாள்.

சரி, என்ன செய்யலாம் என்று கேட்பீர்கள்.

வரிசையை மாற்றுங்கள். கான்குன் இருக்கும் கின்டானா ரோ மாநிலத்துக்கும் சிச்சென் இட்சா இருக்கும் யுகட்டான் மாநிலத்துக்கும் ஒரு மணி நேர வித்தியாசம். எல்லையைத் தாண்டினால் கடிகாரம் ஒரு மணி நேரம் பின்னால் போகிறது. சாமியே தந்த ஒரு மணி நேரம் அது. தூரம் 200 கிலோமீட்டர், இரண்டரை மணி நேரம். ஆறரைக்குப் பேருந்து கிளம்பினால், எட்டு மணிக்குக் கதவு திறக்கும்போது வாசலில் நிற்கலாம். விடுதி விடுதியாகச் சுற்றாமல் நாலைந்து பொது இடங்களில் ஏற்றிக்கொள்ளுங்கள். நாங்கள் நடந்து வருகிறோம். காலை நிழலில் ஊரைப் பார்த்துவிட்டு, வெள்ளைச் சாலையில் முந்நூறு மீட்டர் நடந்து அந்தக் கிணற்று விளிம்பில் நிற்க வையுங்கள். அதில் குளிக்க முடியாது, குளிக்கவும் கூடாது. அது தெரிந்தபின், உச்சி வெயிலில் வேறொரு கிணற்றில் எங்களை இறக்கிவிடுங்கள். எதில் இறங்குகிறோம் என்று தெரிந்து இறங்குவோம்.

களிம்புத் தொல்லையும் அதோடு பாதி தீர்ந்துவிடும். இப்போது முதலில் குளியல், பிறகு நடுமதிய வெயில். வெயிலில் நிற்கப்போகிறோம் என்ற பயத்தில்தான் காலையிலேயே எல்லோரும் பூசிக்கொண்டு வந்து தண்ணீரில் இறங்குகிறார்கள். வெயிலை முதலில் முடித்துவிட்டால், கழுவிவிட்டு இறங்க யாருக்கும் தயக்கம் இருக்காது. கழுவ நேரம் கொடுங்கள், அவ்வளவுதான். கடையில் செலவான ஐம்பது நிமிடத்தில் பத்து நிமிடம் போதும்.

கட்டணத்தை முன்பே முழுசாகச் சொல்லுங்கள். நுழைவுக் கட்டணம் தனி என்று பேருந்து ஓட ஆரம்பித்தபிறகு, டாலராகத் தந்தால் நல்லது என்று கேட்பது அழகில்லை. மத்திய அரசுக்கு ஒன்று, மாநிலத்துக்கு ஒன்று என்று அங்கே இரண்டு சீட்டு என்பது உங்களுக்கு நேற்றுத் தெரிந்த விஷயமா? சாப்பாட்டில் பீன்ஸ் பன்றிக்கொழுப்பில் வெந்ததா என்று கேட்டால் பதில் சொல்ல ஓர் ஆள் வையுங்கள். அம்மா அன்றைக்கு வெறும் சோற்றில் அபனேரோ மிளகாய்ச் சாற்றைப் பிசைந்து சாப்பிட்டார். உங்கள் ஊரிலேயே அதுதான் நல்ல சாப்பாடு என்று அவர் இன்றுவரை சொல்கிறார் என்பது வேறு கதை.

ஜூனில் அவர்கள் ஊருக்குத் திரும்பிவிட்டார்கள். போன வாரம் அப்பா வீடியோ அழைப்பில், பார்க்காமல் வந்த அந்தக் கிணற்றின் படம் இருந்தால் அனுப்பச் சொன்னார். இணையத்தில் எடுத்து அனுப்பினேன். 60 மீட்டர் அகலம், செங்குத்தான பாறைச் சுவர், கீழே பாசி நிறத்தில் தண்ணீர். அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, கைபேசியைத் தள்ளிப் பிடித்து, விரலால் பெரிசாக்கி ஓரம் ஓரமாகத் தேடினார்.

"படிக்கட்டையே காணமே. அப்பறம் எப்படிக் கொடத்தத் தூக்கிட்டு எறங்குனாங்க?"

அது குடிக்க எடுத்த கிணறு அல்ல அப்பா, சாமிக்குக் கொடுத்த கிணறு. குடிதண்ணீருக்கு ஊருக்குள்ளேயே ஷ்தோலோக் என்று இன்னொன்று, அதில் இறங்க வழி வெட்டியிருந்தார்கள் என்று சொன்னேன். அவர் அங்கே நின்று கேட்ட கேள்விக்கு, மூன்று மாதம் கழித்து, பதினாறாயிரம் கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம் பதில் போய்ச் சேர்ந்தது.

"அத அன்னைக்கே சொல்லியிருக்கலாமுல்ல," என்றார்.

இப்படிக்கு,
இருக்கை எண் 31, 32, 33